‘இல் ஃபூகோ’: ஓவியனைக் கெடுத்தது அவளா, அவள் அந்தஸ்தா?

பழையரீல்:
‘இல் ஃபூகோ’ என்றால் ‘நெருப்பு’, 1916இல் வந்த இத்தாலிய மௌனப் படம். ஏரிக்கரையில் படம் வரையும் ஏழை ஓவியன், அங்கே கவிதை எழுத வந்த சீமாட்டியின் கண்ணில் படுகிறான், அவள் கோட்டைக்கு அழைத்துப் போகிறாள், அவளை வரைந்த ஓவியத்தால் பேர் வாங்குகிறான், டியூக் கணவர் வருகிறார் என்றதும் அவள் கிளம்பிவிடுகிறாள், இவனுக்குப் பைத்தியம் பிடிக்கிறது. இதைப் போய் ஏழை, பணக்கார வர்க்கத்தைப் பற்றிய படம் என்கிறார்கள். சுத்தமான மோகினிக் கதை சார் இது.

மாடிப்படி:
மோகினிக்குக் கோட்டை எதற்கு? ஏரிக்கரையில் இருவரும் கலைஞர்கள், சரிசமம். கோட்டைக்குள் போனதும் அவன் விருந்தாளி ஆகிவிடுகிறான், வீடு, சாப்பாடு, நேரம் எல்லாம் அவளுடையது. கடைசியில் அவனை மறுபடி பார்க்கும்போது யாரோ எவரோ என்று அவள் முகத்தைத் திருப்பிக்கொள்ள முடிகிறதே, அது அழகால் வந்த தைரியமா, அந்தஸ்தால் வந்ததா?

பழையரீல்:
அவள் ஏமாற்றவே இல்லையே. மேசையில் எரியும் எண்ணெய் விளக்கை உடைக்கிறாள், தீ குப்பென்று எழுகிறது, காதல் இப்படித்தான், பெரிதாக எரியும், சீக்கிரம் அணையும் என்று முன்கூட்டியே காட்டிவிடுகிறாள். தெரிந்தே ஒப்புக்கொண்டவன் அப்புறம் புலம்பினால்?

மாடிப்படி:
நிபந்தனை போடுகிறவள் அவள், தலையாட்டுகிறவன் அவன். நான் சொல்வதும் அதுதானே!

நடுவரிசை:
இரண்டு பேருமே டியூக்கை விட்டுவிட்டீர்கள். கணவர் வருகிறார் என்ற ஒரு சேதிக்கே மூட்டை கட்டுகிறாள் என்றால் அதிகாரம் உண்மையில் யார் கையில்? அவளும் கடன் வாங்கிய அதிகாரத்தில்தான் ஆடுகிறாள். இன்னொன்று, இதன் கதையில் முக்கியப் பங்கு ஃபெபோ மாரிக்கு, ஓவியனாக நடித்ததும் அவர்தான். அப்புறம் அழுகையெல்லாம் யார் பக்கம் போகும்? சீமாட்டியாக நடித்த பீனா மெனிகெல்லி தலையில் ஆந்தை போல ஒரு தொப்பியை மாட்டிவிட்டார்கள், அவள் வேட்டைப் பறவையாம். இயக்கியவர் பாஸ்த்ரோனே, ‘கபீரியா’ என்ற பிரம்மாண்ட மௌனப் படத்தை எடுத்தவர், இதில் பியெரோ ஃபொஸ்கோ என்ற புனைபெயரில்.

பழையரீல்:
தொப்பியைச் சொன்னது என் கட்சிக்குத்தான் பலம். படம் அவளைத்தான் குற்றவாளியாகப் பார்க்கிறது, வர்க்கத்தை அல்ல.

மாடிப்படி:
படம் யாரைத் திட்டுகிறது என்பது வேறு, என்ன காட்டுகிறது என்பது வேறு. பொறி, சுவாலை, சாம்பல் என்று மூன்று பாகம். முதல் இரண்டில் இருவருக்கும் பங்கு உண்டு, சாம்பல் மட்டும் அவன் தலையில். அதற்கு உங்கள் மோகினியிடம் என்ன பதில்?