முதல் நாள் வயித்துவலில மக சுருண்டு கெடக்கா, மாத்திரை குடுக்கலாமா?

பாம்பன்காரி:
எல்லாருக்கும் வணக்கம். என் மகளுக்காக கேக்குறேன், பிளஸ் ஒன் படிக்கிறா. எட்டாவதுல வயசுக்கு வந்தா, ஆரம்பத்துல வலின்னு ஒண்ணும் சொல்லல, ஒரு வருசம் போல கழிச்சு ஆரம்பிச்சதுதான் இன்னும் விடல. பீரியட்ஸ் வர்ற அன்னைக்கு காலையிலயே மூஞ்சி வெளுத்துரும், முழங்கால வயித்தோட மடக்கிக்கிட்டு சிமெண்ட் தரையில சுருண்டு கெடப்பா, பாய் விரிச்சாலும் தள்ளி விட்டுருவா. குடிச்ச தண்ணி கூட வாந்தியா வந்துருது, வயித்தால வேற போகுது, தொடை வரைக்கும் இழுக்குதுங்கிறா. ரெண்டாம் நாள் பொழுது சாயவும் எந்திரிச்சு எப்பவும் போல இருக்கா.

நான் பாசி எடுக்கப் போறவ, விடியக்காலம் வல்லம் ஏறுனா மதியத்துக்கு மேலதான் கரை. அதுவரைக்கும் பாத்துக்கிறது என் மாமியாதான். அவுக "எங்களுக்கெல்லாம் இல்லாத வலியா, கல்யாணமாகி ஒரு புள்ள பெத்தா சரியாப்போகும்"ங்கிறாக. மெடிக்கல்ல மாத்திரை தர்றாக, ஆனா அத போட்டா பின்னாடி கொழந்த தங்காதுன்னு பக்கத்து வீட்டுல சொல்லவும் பயந்துட்டோம். தாங்க முடியாம அழும்போது பாதி மாத்திரை குடுக்கிறது, அது கேக்கவே மாட்டேங்குது. டாக்டரம்மாட்ட கூட்டிட்டு போகலாம்னா கல்யாணமாகாத புள்ள, ஊர்ல என்ன பேசுவாகளோ, ஸ்கேன்னு சொல்லி உள்ள விட்டு பாப்பாகளோன்னு வேற கலக்கமா இருக்கு. தெரிஞ்சவுக சொல்லுங்க.

தொண்டி நர்ஸ்:
அக்கா, முதல்ல பயத்த விடுங்க. நீங்க சொல்றத பாத்தா இது வயசுப்புள்ளைகளுக்கு ரொம்ப சாதாரணமா வர்ற வலி மாதிரிதான் தெரியுது, அதுக்காக தாங்கிக்கணும்னு அர்த்தம் இல்ல. கர்ப்பப்பையோட உள்சவ்வு உரியிற நேரத்துல புரோஸ்டாகிளாண்டின்னு ஒண்ணு நெறைய சுரக்கும், அது கர்ப்பப்பை சதைய போட்டு இறுக்கும், இறுகுற நேரத்துல அந்த சதைக்கு போற ரத்தம் கொறைஞ்சு போகும், அந்த வலிதான் இடுப்பு, தொடைன்னு இறங்குது. அதே சரக்கு குடலையும் சுண்டி விடுறதாலதான் வயித்தால போறது, வாந்தி எல்லாம். முதல் ரெண்டு நாள்தான் அது அதிகம், அதனாலதான் ரெண்டாம் நாள் சாயங்காலம் எந்திரிச்சிர்றா. வயசுக்கு வந்து ஒண்ணு ரெண்டு வருசம் கழிச்சு, கருமுட்டை ஒழுங்கா வெளியாக ஆரம்பிக்கும்போதுதான் இந்த வலியும் ஆரம்பிக்கும், உங்க மக கதையும் அப்படித்தான் இருக்கு.

இப்ப மாத்திரைக்கு வர்றேன். இபுபுரூஃபன், மெஃபனமிக் ஆசிட் இதெல்லாம் அந்த புரோஸ்டாகிளாண்டின் உண்டாகுறதையே தடுக்கிற மருந்து, உண்டாகி வலி உச்சிக்கு போனப்பறம் குடுத்தா பாதி வேலைதான் செய்யும். அழுறப்ப பாதி மாத்திரை குடுத்தா எப்படி கேக்கும் அக்கா? இடுப்பு கடுக்க ஆரம்பிக்கும்போதே, இல்ல லேசா கறை பட்டதுமே, ஏதாவது சாப்பிட வச்சு முழு அளவா குடுக்கணும், டாக்டர் சொல்ற இடைவெளில முதல் ரெண்டு நாளைக்கு தொடரணும். அவ வயசு, எடைக்கு எவ்வளவுன்னு ஆரம்ப சுகாதார நிலையத்துலயே கேட்டுக்கலாம். வெறும் வயித்துல மட்டும் வேணாம். அல்சர், கிட்னி பிரச்சனை, வீசிங் இருந்தா சொல்லாம போடக்கூடாது. மெஃபனமிக் ஆசிட்டுக்கு அபூர்வமா சிலருக்கு காய்ச்சல், உடம்பெல்லாம் தடிப்பு, நெறி கட்டுறதுன்னு கடுமையான அலர்ஜி வரலாம்னு 2023 கடைசில அரசாங்கத்து மருந்து அமைப்பே எச்சரிக்கை குடுத்துருக்கு, போட்டு சில வாரம் கழிச்சு கூட வரலாம், அப்படி எதாவது தெரிஞ்சா நிறுத்திட்டு உடனே ஆஸ்பத்திரி போயிரணும். மாசத்துல ரெண்டு நாள் இத போடுறதால கர்ப்பப்பை கெடும், கொழந்த தங்காதுங்கிறது உண்மையே இல்ல.

அப்பறம் ஸ்கேன். கல்யாணமாகாத புள்ளைக்கு வயித்து மேல ஜெல் தடவித்தான் பாப்பாங்க, உள்ள விட்டு பாக்க மாட்டாங்க. நெறைய தண்ணி குடிச்சு மூத்திரத்த அடக்கிட்டு போகணும், அவ்வளவுதான் கஷ்டம். அதுவும் எடுத்த உடனே தேவைப்படாது. மூணு மாசம் மாத்திரைய சரியா குடுத்து பாருங்க, அப்பவும் கேக்கலன்னா ராமநாதபுரம் மெடிக்கல் காலேஜ் ஆஸ்பத்திரிக்கு கூட்டிட்டு போங்க.

தேவிபட்டினம் ராணி:
சின்னப்புள்ளைக்கு எதுக்கும்மா இங்கிலீஷ் மருந்து. உளுந்தங்களி கிண்டி நல்லெண்ணெய் ஊத்தி கருப்பட்டி போட்டு குடுங்க, வெந்தயம் ஊற வச்சு குடுங்க, எங்க அப்பத்தா காலத்துல இருந்து இதுதான். மாத்திரை பழக்கமாயிரும்.

தொண்டி நர்ஸ்:
களி நல்லதுதான் ராணி அக்கா, தாராளமா குடுக்கட்டும், நானும் சாப்பிடுவேன். சுக்கு கூட கொஞ்சம் வலிய கொறைக்குதுன்னு ஆராய்ச்சி இருக்கு. ஆனா தண்ணி கூட தங்காத புள்ளைக்கு களி எப்படி எறங்கும்? இந்த மாத்திரை பழக்கமாகுற சாதி இல்ல. கைவைத்தியத்துல நான் அடிச்சு சொல்றது ஒத்தடம். கல்லுப்ப சட்டில வறுத்து பருத்தி துணில மூட்டையா கட்டி, கை பொறுக்குற சூட்டுல அடிவயித்துலயும் இடுப்புலயும் வச்சு எடுக்கணும், சூடு ஆறுனா திரும்ப வறுத்துக்கலாம். உங்க மாமியாட்ட இந்த வேலைய குடுத்துருங்க பாம்பன் அக்கா, அவுக மனசாற செய்வாக.

கீழக்கரை மருமக:
நர்ஸக்கா சொன்னது எல்லாம் சரி, ஆனா ஒண்ண நான் சேத்தே ஆகணும். எனக்கும் பள்ளிக்கூடத்துல இப்படித்தான் ஆரம்பிச்சது, ஆனா கொறையாம வருசத்துக்கு வருசம் கூடிக்கிட்டே போச்சு. தேதிக்கு முன்னாடியே வலி வந்துரும், நின்ன பிறகும் போகாது, அந்த நாள்ல வெளிக்கி போனா கத்தியால கீறுற மாதிரி இருக்கும். ஒரு டாக்டர் கேஸ்னு சொல்லி அனுப்புனாக, ஸ்கேன் நார்மல்னு வந்ததும் வீட்டுல எல்லாரும் நான் நடிக்கிறேன்னே முடிவு பண்ணிட்டாக. எங்க உம்மா மட்டும்தான் நம்புனாக. கல்யாணத்துக்கு அப்பறமும் வலி அப்படியேதான் இருந்துச்சு, கல்யாணம் எந்த வியாதிக்கும் மருந்து கெடையாதுங்கிறத உங்க மாமியாட்ட பக்குவமா சொல்லுங்க. கடைசில மதுரைல லேப்ராஸ்கோப்பி, அதான் வயித்துல சின்னதா ஓட்டை போட்டு கேமரா விட்டு பாக்குறது, அத பண்ணித்தான் எண்டோமெட்ரியோசிஸ்னு கண்டுபிடிச்சாக, கர்ப்பப்பைக்கு உள்ள இருக்கிற சவ்வு மாதிரியே கர்ப்பப்பைக்கு வெளியவும் வளர்ற வியாதி அது. உலகத்துல பிள்ளை பெறுற வயசு பொம்பளைகள்ல பத்துல ஒருத்தருக்கு இருக்குன்னு உலக சுகாதார நிறுவனமே சொல்லுது, ஆனா எங்க தெருவுல அந்த பேரையே ஒருத்தரும் கேட்டதில்ல. இப்ப ஹார்மோன் மாத்திரைல ஓடுது, பரவால்ல. ஸ்கேன்ல ஒண்ணும் தெரியலன்னா ஒண்ணும் இல்லன்னு நெனச்சுராதீங்க அக்கா, புள்ள வலிக்குதுன்னு சொன்னா நம்புங்க.

தொண்டி நர்ஸ்:
ரொம்ப முக்கியமான விசயம் சொன்னீங்க. மாசத்துக்கு மாசம் வலி கூடுனாலோ, தேதி இல்லாத நாள்ல வலிச்சாலோ, ஒரு மணி நேரத்துக்கு ஒரு பேட் நனைஞ்சாலோ, காய்ச்சலோட வலிச்சாலோ மூணு மாசம்னு காத்திருக்கவே கூடாது. போறப்ப ஹீமோகுளோபினும் பாத்துருங்க, 12க்கு கீழ இருந்தா ரத்தசோகை, மூஞ்சி வெளுக்குதுன்னு சொல்றதால கேக்குறேன்.

பாம்பன்காரி:
எல்லாருக்கும் நன்றி, படிக்கும்போதே அழுகை வந்துருச்சு. மகளுக்கும் வாசிச்சு காட்டுனேன், "நான் நடிக்கலன்னு இப்பவாவது தெரிஞ்சுச்சா அப்பத்தா"ன்னு கேட்டா, மாமியா ஒண்ணும் பேசல, உப்பு சட்டிய மட்டும் எடுத்து வச்சுருக்காக. வெள்ளிக்கிழமை தண்ணிக்கு போகல, சுகாதார நிலையத்துக்கு கூட்டிட்டு போறேன். பள்ளிக்கூடத்துல இருக்கும்போது வந்துட்டா என்ன செய்ய?

தொண்டி நர்ஸ்:
பையில ஒரு பிஸ்கட் பாக்கெட்டு, டாக்டர் எழுதி குடுத்த மாத்திரை, பேட், மாத்து உள்ளாடை எப்பவும் இருக்கட்டும், கிளாஸ் டீச்சர்ட்ட நீங்களே நேர்ல போய் சொல்லி வச்சுருங்க. காலண்டர்ல தேதிய குறிக்கும்போது வலி எப்ப ஆரம்பிச்சது, மாத்திரை போட்டு எவ்வளவு நேரத்துல கேட்டுச்சுன்னும் எழுதச் சொல்லுங்க, டாக்டர்ட்ட போனா முதல்ல அததான் கேப்பாங்க.