ஆரி வேலைப்பாடு ஒரே இழுப்பில் பிரிந்துவிட்டது, மீதியைக் காப்பாற்ற முடியுமா?

வைகைக்கரை:

வணக்கம். அண்ணன் மகள் கல்யாணத்துக்காகத் தைத்த ரவிக்கை. மயில்கழுத்து நிறப் பட்டு, இரண்டு கையிலும் அடர்த்தியாக ஆரி வேலை, முதுகில் மாங்காய்க் கொத்து. வேலைப்பாட்டுக்கு மட்டும் 5,500 ரூபாய் கொடுத்தேன். முகூர்த்தம் முடிந்து பந்தியில் உட்கார்ந்தபோது வளையல் எதிலோ மாட்டி, கையில் சின்ன நூல் ஒன்று நீட்டிக்கொண்டிருந்தது. பக்கத்தில் இருந்த நாத்தனார் "இருங்க அண்ணி" என்று பிடித்து இழுத்தார். சர்ரென்று வந்தது. சாம்பார் வாளி எங்கள் இலைக்கு வருவதற்குள் ஒரு கொடி, நான்கு இலை, அரைப் பூ காலி.

தைத்த கடையில் கேட்டால் "இழுத்தது உங்க தப்பு" என்கிறார்கள். ஒரு நூலை இழுத்தால் எல்லாமே வந்துவிடுமா? என்ன தையல் இது? மீதியை எப்படிக் காப்பாற்றுவது?

இன்னொன்று. பிரான்சில் படிக்கும் கல்யாணப் பெண்ணின் தோழி, ரவிக்கையைப் பார்த்துவிட்டு, "ஆன்ட்டி, இது லூனேவில் எம்பிராய்டரி, பிரெஞ்சுக்காரங்களோடது" என்றாள். நம் நாட்டு வேலை என்றுதானே நினைத்திருந்தேன்?

பட்டன்ஹோல்:

பிரிந்த இடத்தில் ஃபேப்ரிக் கம் ஒரு சொட்டு வைத்துவிடுங்கள். நான் அப்படித்தான் செய்வேன்.

சட்டக்காரன்:

கம் வேண்டாம்மா. பட்டில் கறை விடும், காய்ந்தால் அந்த இடம் அட்டையாக நிற்கும். முதலில் எழுந்து போய், பிரிந்து நிற்கும் கடைசிக் கண்ணியில் ஒரு சின்ன சேஃப்டி பின் மாட்டிவிட்டு வாருங்கள். அதற்குமேல் ஓடாது. அப்புறம் படிக்கலாம்.

நான் சென்னையில் ஒரு ஏற்றுமதிக் கூடத்தில் 17 வருடம், துணியை இழுத்துக் கட்டும் எம்பிராய்டரிச் சட்டத்தில் உட்கார்ந்தவன். கற்றுக்கொடுத்த உஸ்தாத் உத்தரப்பிரதேசத்துக்காரர். சட்டத்தை "அட்டா" என்பார். இப்போது வீட்டு மாடியில் நாலைந்து பேருக்குச் சொல்லிக்கொடுக்கிறேன்.

ஆரியில் நூல் துணிக்கு அடியில், இடது கையில் இருக்கும். மேலிருந்து ஊசியைக் குத்தி, அந்த நூலை ஊசி முனையில் இருக்கும் கொக்கியில் மாட்டி ஒரு கண்ணியாக மேலே எடுக்கிறோம். அந்தக் கண்ணிக்குள்ளேயே குத்தி அடுத்த கண்ணி. ஆக, ஒவ்வொரு கண்ணியையும் அதற்கு அடுத்ததுதான் பிடித்து வைத்திருக்கிறது. கடைசிக் கண்ணியைப் பிடிக்க ஆளில்லை. அதற்காகத்தான் முடியும் இடத்தில் பின்னால் ஒன்று, முன்னால் ஒன்று என்று பொடித் தையல் போட்டு, கண்ணியை நீளமாக இழுத்து வெட்டி, நூலை அடியில் முடிச்சுப் போடுவது. லாக் என்போம். அது இல்லாவிட்டால் உங்கள் ரவிக்கையும் அரிசி மூட்டையும் ஒன்று. மூட்டை வாயில் சரியான முனையைப் பிடித்தால் ஒரே இழுப்பில் திறக்கும், தப்பான முனையை இழுத்தால் இறுகிக்கொண்டே போகும், பார்த்திருப்பீர்களே? அதே சங்கிலித் தையல்தான்.

நாத்தனாரை விட்டுவிடுங்கள். லாக் இருந்திருந்தால் அவர் இழுத்ததற்கு நூல் அறுந்திருக்கும், இப்படிக் கொடியோடு வந்திருக்காது. ஒரு மாங்காயில் நூல் எத்தனை இடத்தில் முடிகிறதோ அத்தனை லாக் போட வேண்டும். அவசர வேலையில் முதலில் விட்டுப்போவது இதுதான். கல்யாண மாதங்களில் நானே விட்டிருக்கிறேன், பொய் சொல்ல மாட்டேன்.

சரி, வைத்தியம். கை ஓரத்தில் லைனிங்கைப் பிரித்து உள்பக்கம் பாருங்கள். ஒட்ட வெட்டிய முனைகள் எல்லாமே சந்தேகத்துக்குரியவை. மெல்லிய கைத்தையல் ஊசியில் அதே நிற நூலைக் கோத்து, கடைசிக் கண்ணிக்குள்ளிருந்து மேலே எடுத்து, கண்ணியின் விளிம்பைத் தாண்டி கீழே இறக்கி, அடியில் முடிச்சு. அவ்வளவுதான். வளையல் நடுவில் அறுத்த இடமென்றால், தையல் தொடங்கிய பக்கத்துப் பாதிதான் பிரியும். அடுத்த பாதிக்குப் பயமில்லை.

பிரெஞ்சுக்காரர்கள் கதைக்கு வருகிறேன். சங்கிலித் தையல் எந்த ஒரு நாட்டுக்கும் சொந்தமில்லை. சீனாவின் ஹூபெய் மாநிலத்தில் மாஷான் என்ற இடத்தில் 1982-ல் தோண்டிய கல்லறைப் பட்டுகளில் அதுதான் நிறைந்திருக்கிறது. வயது 2,200 வருடத்துக்கு மேல். ஆனால் அது சாதா ஊசியில் போட்டது. கொக்கி ஊசிக்கு நம் பக்கத்தில் பேர்போனவர்கள் கட்ச், சிந்துப் பகுதியின் மோச்சிகள். செருப்புத் தைக்கிறவர்கள், தோலில் பழகிய கை. 17ஆம் நூற்றாண்டின் கடைசியிலேயே குஜராத்தின் சங்கிலித் தையல் திரைச்சீலைகள் இங்கிலாந்துக்குக் கப்பலேறின. ஐரோப்பியச் சீமாட்டிகள் கொக்கி ஊசியும் கையுமாக உட்கார்ந்தது அதற்கு அடுத்த நூற்றாண்டில். துணியை வட்டச் சட்டத்தில் முரசுத்தோல் போல இறுக்கியதால் அவர்கள் வைத்த பெயர் டாம்பூர், பிரெஞ்சில் முரசு. பிரெஞ்சு மன்னர் பதினைந்தாம் லூயியின் காதலி பொம்பதூர் சீமாட்டி டாம்பூர்ச் சட்டத்தோடு உட்கார்ந்திருக்கும் ஓவியம் லண்டன் நேஷனல் கேலரியில் இருக்கிறது. துருவே வரைந்தது. அது முடிவதற்குள், 1764-ல், அவள் இறந்துவிட்டாள்.

லூனேவில் என்பது பிரான்சின் லொரேன் பகுதியில் ஓர் ஊர். அவர்கள் 19ஆம் நூற்றாண்டில் செய்த வேலை வேறு மாதிரி. நாம் நல்ல பக்கத்தைப் பார்த்துக் குத்துகிறோம், மணியை ஊசியிலேயே ஏற்றி மேலிருந்து இறக்குகிறோம். அவர்கள் துணியைக் கவிழ்த்துப் போடுகிறார்கள். மணிகளை முன்பே கோத்த நூல் அடியில் இருக்கும். வேலை செய்கிறவருக்கு மேலே தெரிவது வெறும் சங்கிலி. மணி வரிசை அடியில், கண்ணுக்குத் தெரியாத பக்கத்தில் விழும். பாரிஸ் ஆர்டர் ஒன்றுக்காக என்னை அப்படி உட்கார வைத்தார்கள். மூன்று நாள் கை மரத்துப்போனது. எது மணி, எது காற்று என்று விரலால்தான் தெரிய வேண்டும். நான்காம் நாள் பழகியது. வேகம் அதில்தான் அதிகம், ஒப்புக்கொள்ள வேண்டும்.

ஆக அந்தப் பெண் சொன்னது பாதி சரி. ஊசி உறவுக்காரன்தான். ஆனால் உங்கள் மாங்காய் நல்ல பக்கத்திலிருந்து போட்டிருந்தால் அது லூனேவில் இல்லை.

கொசுறாக ஒன்று. திமோனியே என்ற பிரெஞ்சுத் தையல்காரர் 1830-ல் கொக்கி ஊசி வைத்த தையல் எந்திரத்துக்குக் காப்புரிமை வாங்கினார். சங்கிலித் தையல் போடும் எந்திரம். அடுத்த வருடமே பிழைப்புப் போய்விடுமென்று பாரிஸ் தையல்காரர்கள் புகுந்து எந்திரங்களை நொறுக்கினார்கள். இன்றைக்கு அரிசி மூட்டை வாயைத் தைக்கும் எந்திரத்துக்கு அவரை ஒருவகையில் பாட்டன் என்று சொல்லலாம்.

நூல்கண்டு:

போன வருடம் சுற்றுலாவில் உஸ்பெகிஸ்தானின் புகாரா போனபோது சுசானி என்ற பூவேலை விரிப்பு ஒன்று வாங்கினேன். அதிலும் இந்தக் கொக்கிச் சங்கிலி இருந்தது, யூர்மா என்றார்கள். நடுவில் ஒரு பூ சரியாகச் சேரவில்லை, ஏமாற்றிவிட்டார்கள் என்று சண்டைக்கே போனேன். அப்புறம்தான் விளக்கினார்கள். துண்டுத் துணிகளை லேசாக இணைத்து வரைவார்களாம். பிரித்து ஆளுக்கொரு துண்டாகப் பெண்கள் தைத்து, பிறகு மறுபடி சேர்ப்பார்களாம். ஒருத்தி கை இறுக்கம், ஒருத்தி கை தளர்வு. பூ எப்படிச் சேரும்? சட்டக்காரன் அண்ணா, நம் ஊரில் இரண்டு பேர் ஒரே ரவிக்கையில் உட்கார்ந்தால் இப்படித் தெரியுமா?

சட்டக்காரன்:

நன்றாகத் தெரியும். அதனால்தான் முதுகு ஒருவர், கை ஒருவர் என்று பிரித்துக் கொடுப்பது. ஒரே கொடியில் இரண்டு பேரை உட்கார வைக்க மாட்டோம்.

வைகைக்கரை:

லைனிங்கைப் பிரித்துப் பார்த்தேன். இடது கையில் மட்டும் 14 முனைகள் லாக் இல்லாமல். வலது கை வேறு ஆள் போட்டதுபோல, ஒவ்வொன்றிலும் முடிச்சு இருக்கிறது. நாத்தனாரே ஊசியோடு வந்து உட்கார்ந்து ஒன்பதை முடித்துவிட்டார். பிரிந்த கொடிக்கு அதே ஜரிகை நூல் இங்கே கிடைக்கவில்லை. அடுத்த வாரம் மதுரை போகும்போது ரவிக்கையையே எடுத்துப் போய்ப் பொருத்திப் பார்க்கிறேன். சேஃப்டி பின் இன்னும் அதில்தான் இருக்கிறது.