ஆத்தங்குடிக் கல் மேல் லேமினேட் போடலாமா?

கோட்டையூரான்:
எங்கள் பூர்வீக வீட்டில் வளவை (முற்றத்தைச் சுற்றிய பகுதி) ஒட்டிய அறையில் தரையில் பதித்த ஆத்தங்குடிக் கல் பத்துப் பன்னிரண்டு விரிசல் விட்டுக் கிடக்கிறது. அதன் மேலேயே 8 மி.மீ. லேமினேட் போட்டுவிடலாம் என்று இருக்கிறேன். பசை கிடையாது, பலகைகள் ஒன்றோடொன்று பூட்டிக்கொள்ளும். வேண்டாம் என்றால் நாளைக்கே கழற்றலாம். பொங்கலுக்கும் கல்யாணத்துக்கும்தான் வீட்டைத் திறக்கிறோம்.

பள்ளத்தூர்ப் பொண்ணு:
வேண்டாம் அண்ணே. பூட்டிக் கிடக்கிற வீடு என்பதாலேயே வேண்டாம். ஐப்பசி மழை முற்றத்தில் கொட்டும்போது சாரல் அந்த அறை வரைக்கும் அடிக்கும். கல்லுக்கு அது ஒன்றுமே இல்லை. லேமினேட்டுக்கு உள்ளே இருப்பதோ மரத்தூளை அழுத்திச் செய்த பலகை, மேலே மரம் மாதிரி அச்சடித்த காகிதம். எங்கள் மாமா வீட்டில் போட்டார்கள். இரண்டாவது மழைக்காலத்திலேயே இணைப்பு ஓரமெல்லாம் புடைத்துவிட்டது. கட்டைவிரலால் தடவினால் வரப்பு மாதிரித் தட்டும். ஒரு பலகையைத் தூக்கிப் பார்த்தால் அடியில் விரித்த ஃபோம் மெத்தைக்குக் கீழே கரையான் மண். ஒருமுறை புடைத்தது திரும்பப் படியவே இல்லை.

கோட்டையூரான்:
அடியில் பாலிதீன் விரித்தால் ஈரம் ஏறாதே? கல்லைத் தேங்காய் எண்ணெய் தொட்டுத் துடைத்துப் பளபளப்பாக வைக்க அங்கே யார் இருக்கிறார்கள், சொல்லுங்கள்.

தேவகோட்டைத் தச்சர்:
லேமினேட் போட்டுத்தான் பிழைக்கிறேன், ஆனாலும் சொல்கிறேன். பாலிதீன் கீழே இருந்து வரும் ஈரத்தைத்தான் தடுக்கும், மேலே விழும் சாரலை அல்ல. இன்னொன்று, 2 மீட்டர் நீளத்துக்கு 3 மி.மீ.க்கு மேல் மேடுபள்ளம் இருக்கக் கூடாது. உடைந்த கல் மேல் போட்டால் நடக்க நடக்கப் பூட்டு விட்டுப்போகும். பலகையும் 2 மி.மீ. ஃபோமும் சேர்ந்து தரை 10 மி.மீ. உயரும். கதவு உரசினால் பர்மாத் தேக்கின் அடியைச் சீவணும். எனக்கு அதற்குக் கை வராது.

பள்ளத்தூர்ப் பொண்ணு:
ஆத்தங்குடியில் இன்றைக்கும் கண்ணாடி மேல் வண்ணச் சிமெண்டை ஊற்றிக் கையாலேதான் கல் செய்கிறார்கள். சூளையே கிடையாது, தண்ணீரில் ஊறித்தான் இறுகுகிறது. உடைந்த கல் ஒன்றைக் கொண்டுபோய்க் காட்டி, அதே பூவில் பன்னிரண்டு கேளுங்கள். எண்ணெய் தினமும் வேண்டாம், வரும்போது துடைத்தால் போதும்.

கோட்டையூரான்:
சரி, கீழே கல்லையே மாற்றிவிடுகிறேன். ஆனால் மாடி அறைக்கு லேமினேட்தான். அங்கே வெறும் சிமெண்ட் தரை, சாரலும் வராது.

தேவகோட்டைத் தச்சர்:
அங்கே தாராளமாகப் போடலாம். பலகையை 48 மணி நேரம் அந்த அறையிலேயே பிரிக்காமல் வையுங்கள். சுவரோரம் சுற்றிலும் 10 மி.மீ. இடம் விடணும். அதற்கு முன்னால் இரண்டடிப் பாலிதீன் துண்டைத் தரையில் ஒட்டி ஒரு நாள் விட்டுப் பாருங்கள். அடியில் நீர் கோத்திருந்தால் எனக்குச் சொல்லுங்கள்.