90 மீட்டர்: எங்கிருந்து அளக்கணும்?

பொருநைக்கரையான்:
"வீட்டுக்கு 90 மீட்டருக்குள்ள மயானம் இருந்தா ஐகோர்ட் மதுரைக் கிளையில ஒரு ரிட் மனு போடுங்க, மூடிருவாங்க"ன்னு நேத்து இங்கன ஒருத்தர் எழுதியிருக்காரு. படிச்சதுல இருந்து மனசு ஆறல. 1999 கிராம ஊராட்சி மயான விதியில 90 மீட்டர் உண்டு, இல்லைங்கல. வீட்டுக்கும் குடிதண்ணி எடுக்கிற இடத்துக்கும் அந்த தூரத்துக்குள்ள புது மயானம் ஆகாது. பதிவுல உள்ள பழைய மயானத்தை மூடுன்னு எங்க இருக்கு? எங்க அய்யாவை அங்கனதான் வச்சிருக்கோம். அவரு தலைமாட்டுல நிக்கிற பனை, பக்கத்துல வீடு கட்டின அந்த பிளாட்டை விட ரெண்டு தலைமுறை மூப்பு.

வாசற்படி:
எழுதினது நான்தான். பழசை யாரு கேட்டா அண்ணாச்சி? கிழக்கால 40 சென்ட் சேர்த்து, காம்பவுண்டு எழுப்பி, எரிமேடைக்கு வானம் தோண்டுதாவளே, அதைக் கேக்கேன். என் வீட்டு நடையில இருந்து டேப்பு புடிச்சேன். 62 மீட்டர்.

பொருநைக்கரையான்:
நடையில இருந்தா? எந்த சர்வேயர் வே நடையில இருந்து அளந்தான்? கடைசிக் குழியில இருந்து அளந்து பாரும். 90 தாண்டும்.

கோர்ட் வராண்டா:
ரெண்டு பேரும் முதல்ல ஒண்ணு சொல்லுங்க. அந்த இடம் ஊராட்சியா, மாநகராட்சியா? ஊராட்சின்னாதான் இந்த 1999 விதியே. புதுசுன்னா லைசென்ஸ் வாங்கியிருக்கணும். அந்த 40 சென்ட் விஸ்தரிப்பா, புதுசாங்கிறதுலதான் கேஸே நிக்கும்.

பொருநைக்கரையான்:
அதெல்லாம் இருக்கட்டும். குழியில இருந்துதான் அளக்கணும்.

வாசற்படி:
எரிமேடையில ஏது குழி? புகைக்கு எல்லைக்கல் தெரியுமா? என் மாமியாருக்கு இழுப்பு. எரிக்கிற அன்னைக்கு ஜன்னலை அடைச்சு, ஈரத்துணி போட்டு உக்காந்திருக்கோம். கொடியில காயப்போட்ட வேட்டியில கரி. நீங்க ஊருக்கு வாறது கோயில் கொடைக்கு மட்டும், உங்களுக்கு என்ன தெரியும்?

பொருநைக்கரையான்:
கொடையை எதுக்கு இழுக்கீரு? வரி குடுக்காம போன வருசம் நழுவினது யாருன்னு ஊருக்கே தெரியும்.

வாசற்படி:
குடுத்தேன். ரசீது இருக்கு. உம்ம தம்பிதான் கணக்குல ஏத்தல.

கிணத்தடி:
எங்க கிணறு கிழக்கு வேலியை ஒட்டி இருக்கு. வீட்டையே அளந்துக்கிட்டு இருக்கீங்க, தண்ணியை யாராவது கேட்டீங்களா?

பொருநைக்கரையான்:
தங்கச்சி, கிணத்துக்கும் அதே 90 தான். அதுவும் குழியில இருந்துதான்.

கோர்ட் வராண்டா:
சத்தீஸ்கர் கேஸைப் பாருங்க. 2025 ஜனவரி 7-ல ஒரு கிறிஸ்தவ போதகர் இறந்தாரு. எங்க புதைக்கன்னு தகராறு, உடம்பு பிணவறையில. 27-ம் தேதி உச்ச நீதிமன்றத்துல ரெண்டு நீதிபதிகளுக்கும் ரெண்டு கருத்து. சொந்த நிலத்துல புதைக்கலாம்னு நாகரத்னா, ஒதுக்கின இடத்துலதான்னு சதீஷ் சந்திர சர்மா. கடைசியில 20, 25 கிலோமீட்டர் தள்ளி உள்ள மயானத்துக்குப் போகச் சொன்னாங்க. இருபது நாள் ஒரு மகன் அப்பனைப் புதைக்க முடியாம நின்னான். கோர்ட்டுக்குப் போனா உடனே முடிஞ்சிரும்னு யாரும் எழுதாதீங்க.

வாசற்படி:
அது சாதி சமயச் சண்டை. இது புகைச் சண்டை. மயானம் வேண்டாம்னு நான் சொல்லவே இல்ல. 62-ல எரிமேடை வேண்டாம்.

பொருநைக்கரையான்:
62ங்கீரு, 62ங்கீரு. பத்திரம் போடும்போது மயானப் புறம்போக்குன்னு எஃப்.எம்.பி. நில அளவைப் படத்துல இருந்துச்சுல்லா? மலிவா கிடைக்குன்னு வாங்கிட்டு இப்ப செத்தவங்களை நகரச் சொல்லுதீரு. எங்க அய்யா நகர மாட்டாரு.

வாசற்படி:
உங்க அய்யாவை யாரும் நகரச் சொல்லல. அவரு கிடக்கது மேக்கால. நான் பேசுதது கிழக்கு.

கிணத்தடி:
கிணறு?

பொருநைக்கரையான்:
மேக்கு, கிழக்கு எல்லாம் ஒரே சர்வே நம்பர் வே. ஞாயித்துக்கிழமை நான் வாறேன். சங்கிலியோட, தலையாரியையும் கூட்டிட்டு. குழியில இருந்து புடிப்போம்.

வாசற்படி:
வாங்க. நடையில நிக்கேன்.