ஹெட்லி வெரிட்டி: போரில் உயிரிழந்த சுழற்பந்து வீச்சாளர்

கேள்வி: இங்கிலாந்து அணியின் இடக்கைச் சுழற்பந்து வீச்சாளர் ஹெட்லி வெரிட்டி இரண்டாம் உலகப் போரில் இறந்தார் என்று படித்தேன். அவர் களத்தில் நின்று போரிட்டவரா, அல்லது பெயரளவில் பதவி வகித்தவரா? விவரம் அறிந்தவர்கள் கூற வேண்டுகிறேன்.

மறுமொழி 1: பெயரளவுப் பதவி அன்று, நண்பரே. பிரிட்டிஷ் ராணுவத்தின் 'கிரீன் ஹோவர்ட்ஸ்' படைப்பிரிவில் கேப்டனாக இருந்த அவர், 1943 ஜூலையில் சிசிலியின் கட்டானியா சமவெளியில் இரவுத் தாக்குதலொன்றில் தம் கம்பெனியை (படைக்குழுவை) வழிநடத்திச் சென்றபோது மார்பில் குண்டடிபட்டு, எதிரிகளிடம் சிறைப்பட்டு, இத்தாலியின் கசெர்டா நகர மருத்துவமனையில் ஜூலை 31 அன்று, 38 வயதில் காலமானார். காயமடைந்த பின்னும் வீரர்களை முன்னேறுமாறு பணித்தார் என்கிறார்கள். அவரது கல்லறையும் கசெர்டாவிலேயே உள்ளது.

மறுமொழி 2: ஆட்டத்தையும் சொல்ல வேண்டும். 1932இல் நாட்டிங்ஹாம்ஷயர் என்ற இங்கிலாந்து மாவட்ட அணிக்கு எதிராக 10 ஓட்டங்களுக்கு 10 விக்கெட்டுகள். 1934இல் லார்ட்ஸில் ஆஸ்திரேலியாவின் 15 விக்கெட்டுகள், அவற்றுள் 14 ஒரே நாளில். டெஸ்டுகளில் ஆஸ்திரேலியாவின் பெரும் மட்டையாளர் பிராட்மேனையே எட்டு முறை ஆட்டமிழக்கச் செய்தவர்! போலந்தின் மீது ஜெர்மனியின் படையெடுப்போடு இரண்டாம் உலகப் போர் தொடங்கிய 1939 செப்டம்பர் 1 அன்று, இங்கிலாந்தின் ஹோவ் மைதானத்தில் 9 ஓட்டங்களுக்கு 7 விக்கெட்டுகளை வீழ்த்தினார். அதுவே அவரது கடைசி முதல்தர ஆட்டம்.

மறுமொழி 3: நம்மவர்கள் மறந்துவிடும் ஒன்று: 1934 பிப்ரவரியில் சேப்பாக்கத்தில் நடந்த முதல் டெஸ்டிலும் இந்தியாவின் 11 விக்கெட்டுகளை எடுத்தவர் இவரே.