வேறு நட்சத்திரத்தின் முதல் கோளை 1855-இல் மதராஸில் கண்டுபிடித்தார்களா?

ஏற்காட்டு மிளகு:
போன சனிக்கிழமை ஏற்காட்டில் வான்நோக்கல் நடத்திய ஒருவர் பிள்ளைகளிடம் சொன்னது: "சூரியனைத் தவிர வேறு நட்சத்திரத்தைச் சுற்றும் கோளை முதலில் கண்டுபிடித்தது மதராஸ் வானாய்வகம், 1855-இல். சுவிஸ்காரர்கள் 140 வருஷம் கழித்து வந்து நோபலை வாங்கிக்கொண்டு போய்விட்டார்கள்." என் பெண் அதை அப்படியே நோட்டில் எழுதி வைத்திருக்கிறாள். மிஷேல் மேயரும் டிடியே கெலோவும் 51 பெகாசி என்ற நட்சத்திரத்தின் கோளை 1995-இல் அறிவித்தார்கள், 2019-இல் நோபல் பெற்றார்கள். பிள்ளைகளுக்குப் பொய் சொல்லாதீர்கள்.

சூரமங்கலத்தான்:
அந்த ஒருவர் நான்தான். நுங்கம்பாக்கத்தில் இருந்த வானாய்வகத்தின் தலைவர் கேப்டன் ஜேக்கப். 70 ஒபியூச்சி என்பது இரட்டை நட்சத்திரம், ஒன்றையொன்று சுற்றிவர சுமார் 88 ஆண்டு. அந்தப் பாதை கணக்கோடு ஒட்டவில்லை, கண்ணுக்குத் தெரியாத கோள் ஒன்று இழுக்கலாம் என்று 1855-இல் எழுதினார். லண்டன் ராயல் வானியல் கழக இதழிலேயே அச்சாகியிருக்கிறது. இதில் எது பொய்?

ஏற்காட்டு மிளகு:
அந்தக் கோள் எங்கே?

சூரமங்கலத்தான்:
1855-இல் சொன்னாரா இல்லையா?

ஏற்காட்டு மிளகு:
சொன்னார். கோள் எங்கே? 1899-இல் மோல்டன் என்பவர் அப்படி ஒரு பொருள் அங்கே நிலையாகச் சுற்ற முடியாது என்று கணக்குப் போட்டே காட்டிவிட்டார்.

சூரமங்கலத்தான்:
அரைகுறையாகப் படித்துவிட்டு வராதீர்கள். மோல்டன் உடைத்தது 1896-இல் டி. ஜே. ஜே. சீ என்ற வானியலாளர் சொன்ன கணக்கை. ஜேக்கப்பை அவர் தொடவே இல்லை.

ஆத்தூர் கணேசன்:
இரண்டு பேரும் 1992-ஐ விட்டுவிட்டீர்கள். துடிக்கும் விண்மீன் ஒன்றைச் சுற்றும் கோள்களை வோல்ஷானும் ஃப்ரெயிலும் அறிவித்தது அந்த வருஷம்தான். 1995-க்கும் முந்தியது.

சூரமங்கலத்தான்:
கணேசன் அண்ணா, பேச்சு 1855-ஐப் பற்றி.

ஏற்காட்டு மிளகு:
ஜேக்கப் கையில் இருந்தவை கண்ணை வைத்துப் பார்த்து, திருகாணியைத் திருப்பி அளந்த கோணங்கள். ஒரு மயிரிழை தவறினால் பாதையே மாறிவிடும். மேயர், கெலோ பார்த்தது ஒளியை. நட்சத்திரம் நம்மை நோக்கி வருவதும் விலகுவதுமாக நொடிக்கு ஐம்பது மீட்டருக்கு மேல் ஆடுகிறது, 4.2 நாளுக்கு ஒருமுறை அதே ஆட்டம். அறிவித்த சில நாளிலேயே கலிபோர்னியாவின் லிக் வானாய்வகத்தில் இன்னொரு குழு பார்த்து ஆமாம் என்றது. ஜேக்கப்பின் கோளை இன்று வரை யாராவது ஆமாம் என்றார்களா? ஆயிரக்கணக்கில் புறக்கோள்கள் பட்டியலில் ஏறிவிட்டன. 70 ஒபியூச்சிக்கு ஒன்றுகூட இல்லை.

சூரமங்கலத்தான்:
இல்லை என்று நிரூபித்தது யார்? வெள்ளைக்காரன் தப்பாகச் சொன்னால் "முன்னோடி", மதராஸிலிருந்து சொன்னால் "பொய்யா"?

அம்மாபேட்டை தறி:
ஜேக்கப்பே வெள்ளைக்காரர்தானேங்க. கம்பெனி சம்பளத்தில் இருந்தவர். இதில் நமக்கு என்ன பெருமை?

சூரமங்கலத்தான்:
அளந்த இடம் நுங்கம்பாக்கம். 1792-இல் நட்ட கருங்கல் தூணில் தமிழ் எழுத்தும் இருக்கிறது. போய்ப் பார்த்துவிட்டு வந்து பேசுங்கள்.

ஏற்காட்டு மிளகு:
தூணில் கோள் இருக்கிறதா?

சூரமங்கலத்தான்:
சரி, உங்கள் கோபம் கோளுக்காக இல்லை என்று எனக்குத் தெரியும். பனிமூட்டத்தில் ஒன்றுமே தெரியாமல் போன அன்றைக்குக் கட்டணத்தைத் திருப்பிக் கேட்டீர்கள், நான் தரவில்லை. அதுதானே?

ஏற்காட்டு மிளகு:
பணத்தை இழுத்தது நீங்கள், நானும் கேட்கிறேன். மார்கழியில் நடத்திய நிகழ்ச்சியில் "இதோ 70 ஒபியூச்சி" என்று காட்டினீர்களே, அது எந்த நட்சத்திரம்? மார்கழியில் அந்தப் பகுதியில் சூரியன் நிற்கிறது. இரவில் எப்படித் தெரியும்? ஜூன், ஜூலையில்தான் அது உச்சிக்கு வரும். அப்போது ஏற்காட்டில் மேகம்.

சூரமங்கலத்தான்:
மார்கழியில் நான் அப்படிச் சொல்லவே இல்லை.

ஏற்காட்டு மிளகு:
என் பெண்ணின் நோட்டில் இருக்கிறது. தேதியோடு.

ஆத்தூர் கணேசன்:
1992...

அம்மாபேட்டை தறி:
இந்த இருபது கொண்டை ஊசி வளைவையும் ஏறி அங்கே எதற்குப் போகிறீர்கள்? லேடீஸ் சீட் காட்சிமுனையில் நின்றால் சேலத்து விளக்கு வானத்தையே வெளுக்க வைக்கிறது. ஜவ்வாது மலையில் காவலூர் இருக்கிறது, 2.34 மீட்டர் தொலைநோக்கி இருக்கிறது. பிள்ளைகளை அங்கே கூட்டிப்போங்கள்.

சூரமங்கலத்தான்:
காவலூர் ஏற்காட்டில் பாதி உயரம்கூட இல்லை.

அம்மாபேட்டை தறி:
உயரத்தை வைத்து என்ன செய்ய? இருட்டு வேண்டுமுங்க. வானியலாளர் வைணு பாப்பு வானாய்வகத்துக்கு இடம் தேடியபோது ஏற்காட்டையா எடுத்தார்?

சூரமங்கலத்தான்:
இந்த ஊரில் பிறந்துகொண்டு ஏற்காட்டைக் குறை சொல்கிறவரிடம் எனக்குப் பேச்சில்லை. நான் கேட்பது ஒன்றுதான். 1855-இல் எழுதினாரா இல்லையா? ஆம், இல்லை என்று சொல்லுங்கள்.

ஏற்காட்டு மிளகு:
எழுதினார். கோள் எங்கே?

சூரமங்கலத்தான்:
அப்படியானால் முதலில் சொன்னது மதராஸ். அடுத்த சனிக்கிழமையும் இதையேதான் சொல்வேன்.

ஏற்காட்டு மிளகு:
நானும் வருவேன். அந்த நோட்டோடு.