செலக்‌ஷன் லிஸ்ட் வந்து வருஷக்கணக்கா ஆன பிறகு கேஸ் போட்டவங்க கதை: போலீஸ் தேர்வு அனுபவங்கள்

கெடிலக்கரை:
மஞ்சக்குப்பம் அண்ணா ஸ்டேடியத்துல விடியக்காலையில ஓடுற பிள்ளைங்களுக்குப் பயிற்சி கொடுக்கறவன் நான். என்கிட்ட ஓடின ஒரு பொண்ணு, பிற்படுத்தப்பட்ட வகுப்பு (பி.சி.), இரண்டாம் நிலைக் காவலர் தேர்வுல கொஞ்சத்துல விட்டுச்சு. பொதுப்பிரிவு பெண்கள் இடத்துல கடைசியா எடுத்தவங்களைவிட தனக்கு மார்க் அதிகம்னு பிறகுதான் தெரிஞ்சுது. உடனே கோர்ட்டுக்குப் போகச் சொன்னோம். அப்பா கேக்கல. "நாளைக்கு வேலைக்குப் போற பிள்ளை, கவர்மெண்டை எதிர்த்து கேஸ் போட்டா பேர் கெட்டுடும்"னாரு. கலெக்டர் ஆபீஸ் திங்கக்கிழமை குறைதீர் நாள், முதல்வர் தனிப்பிரிவு, தேர்வு வாரியம்னு மனு மேல மனு. ரசீது எல்லாத்தையும் பத்திரமா ஃபைல் போட்டு வெச்சிருந்தாரு.

2020 டிசம்பர்ல உத்தரப் பிரதேச போலீஸ் தேர்வு கேஸ்ல (சௌரவ் யாதவ் வழக்கு) சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு வந்துச்சு. அங்க ஓ.பி.சி. (இதர பிற்படுத்தப்பட்ட வகுப்பு) பொண்ணுக்கு 276.5949 மார்க், பொதுப்பிரிவுல கடைசிப் பொண்ணுக்கு 274.8298. பொதுப்பிரிவுன்னா எல்லாருக்கும் பொதுதான், மார்க் இருந்தா எந்தச் சாதிப் பொண்ணும் அதுல வரலாம்னு சொல்லி, 274.8298-க்கு மேல எடுத்த ஓ.பி.சி. பெண்களுக்கு வேலை கொடுக்கச் சொன்னாங்க. ஏற்கெனவே சேர்ந்தவங்களைத் தொடல.

அதைப் பார்த்துதான் இந்தப் பொண்ணு வீட்ல சென்னை ஹைகோர்ட்டுக்கு ஓடினாங்க. ஆனா அந்த உத்தரவு அந்தத் தேர்வுக்குப் போட்டது. இங்க அந்த பேட்ச் ட்ரெயினிங் முடிச்சு ஸ்டேஷன்ல உக்காந்தாச்சு, அடுத்த தேர்வும் நடந்தாச்சு. நியாயம் யார் பக்கம்னு பார்க்கறதுக்கு முன்னாடியே, காலதாமதம்னு டிஸ்மிஸ்.

குமாஸ்தா_கடலூர்:
வக்கீல் ஆபீஸ்ல இதே கதைதான் அண்ணே அடிக்கடி பார்க்கறோம். அரசியல் சட்டம் 226-வது பிரிவுல ஹைகோர்ட்ல ரிட் மனு போட இத்தனை நாள்னு சட்டத்துல கெடு கிடையாது. அதை நம்பித்தான் ஏமாறுறாங்க. கெடு இல்லன்னாலும், லேட்டா வந்தா ஏன் லேட்டுன்னு ஜட்ஜுக்குப் பதில் சொல்லியாகணும். "மனு கொடுத்துட்டு காத்திருந்தேன்"ங்கறது பதிலே இல்ல. 2008-ல சி. ஜேக்கப் வழக்கு, நம்ம தமிழ்நாட்டு கேஸ்தான். 1982-ல வேலை போனவர் 2000-ல மனு கொடுக்கிறார். செத்துப்போன உரிமைக்கு மனு உயிர் கொடுக்காதுங்கற அர்த்தத்துல சுப்ரீம் கோர்ட் முடிச்சுது. அந்தத் தீர்ப்பை அரசு வக்கீல்கள் இன்னிக்கும் எடுத்து நீட்டுவாங்க.

இன்னொண்ணு. யாரோட வேலை போகுமோ அவங்களையும் எதிர்மனுதாரரா சேர்க்கணும். லிஸ்ட் வந்த வாரத்துல அது சுலபம். வருஷம் போனா ஒருத்தர் ஆவடியில இருப்பாரு, ஒருத்தர் தூத்துக்குடியில. நோட்டீஸ் அவங்க கைக்குப் போய்ச் சேரவே மாசங்கள் ஓடிடும்.

முத்தியால்பேட்டை:
கடலூர் ஆளுங்க சொல்றதை எங்க ஊர் பசங்க அப்படியே எடுத்துக்காதீங்க. புதுச்சேரி யூனியன் பிரதேசம். போலீஸ் தேர்வு விவகாரம் முதல்ல மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் போகணும், சென்னை பெஞ்ச். அங்க 1985 சட்டத்துல கெடுவே போட்டிருக்கு: ஒரு வருஷம். மனு கொடுத்து ஆறு மாசம் பதில் வரலன்னா, அதுக்கப்புறம் ஒரு வருஷம். தாண்டினா தாமத மன்னிப்புக்குத் தனி மனு. என் மச்சான் நேரா ஹைகோர்ட்ல போட்டான். தீர்ப்பாயத்துக்குப் போன்னு அனுப்பினாங்க. அங்க போய்ச் சேர்றப்ப கெடு முடிஞ்சிருந்துச்சு. ரோஸ்டர்ல (எந்த இடம் எந்தப் பிரிவுக்குங்கற வரிசைப் பட்டியல்) தப்பு இருந்துதா இல்லையான்னு எங்களுக்கு இன்னி வரைக்கும் தெரியாது.

பண்ருட்டி_பலா:
எல்லாரும் லேட், லேட்னு பிள்ளைங்களையே சொல்றீங்க. முந்திரிக் கொட்டை உடைக்கற வீட்ல சென்னை வக்கீலுக்குப் பணம் எங்கேர்ந்து வரும்? வன்னியர்களுக்கான 10.5 சதவீத உள் ஒதுக்கீட்டுச் சட்டம் 2021 பிப்ரவரியில வந்துச்சு, நவம்பர் 1-ல ஹைகோர்ட் மதுரைக் கிளை ரத்து பண்ணுச்சு, 2022 மார்ச் 31-ல சுப்ரீம் கோர்ட்டும் அதையே உறுதி பண்ணுச்சு. எவ்ளோ வேகம்! நான் அந்த ஒதுக்கீடு வேணும்னு நின்னவன், ஆனா எதிர்த்தவங்க ஒரு நாளையும் வீணாக்கலங்கறதை ஒத்துக்கறேன். காசும் ஆளும் இருந்தா நேரமும் கிடைக்குது. தனி ஆளுக்கு?

குமாஸ்தா_கடலூர்:
பலா சார், நியாயமான கேள்வி. பொண்ணுங்களுக்கும் எஸ்.சி., எஸ்.டி.க்கும் வருமானம் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு, 1987 சட்டம். மத்தவங்களுக்கு வருமான வரம்பு இருக்கு. மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு கடலூர் கோர்ட் வளாகத்துலயே இருக்கு, ஹைகோர்ட்டுக்குன்னு தனிக் குழுவும் இருக்கு. வந்து கேக்கறவங்க ரொம்பக் குறைச்சல்.

தேவனாம்பட்டினம்_ரன்னர்:
அண்ணா, போன மாசம்தான் லிஸ்ட் வந்துச்சு. ஆர்.டி.ஐ. (தகவல் அறியும் உரிமை) மனு போட்டிருக்கேன். கேஸ் போடற நாளை, பதில் வந்த தேதியிலேர்ந்து கணக்கு வைக்கலாமா?

குமாஸ்தா_கடலூர்:
வேணாம் தம்பி, லிஸ்ட் தேதியிலேர்ந்தே கணக்கு வை. ஆர்.டி.ஐ. பதிலுக்கு 30 நாள், அது பாட்டுக்கு வரட்டும், வந்ததும் கூடுதல் ஆவணமா தாக்கல் பண்ணிக்கலாம். ஹால் டிக்கெட், மார்க், கம்யூனிட்டி சர்டிபிகேட், வெப்சைட்ல போட்ட லிஸ்டோட பிரிண்ட், எல்லாத்தையும் எடுத்துட்டு இந்த வாரமே வா. லிஸ்டை இன்னிக்கே பிரிண்ட் எடுத்துடு, அப்புறம் அந்தப் பக்கம் இருக்காது.